192 கிலோஹெர்ட்ஸ் இருக்கட்டும், எந்த டேப்ல இருந்து எடுத்தீங்க?

போன செமஸ்டர் கடைசி லேப் எக்ஸாம் முடிஞ்ச அன்னிக்கு, கிளாஸ்மேட் ஒருத்தன் பென் டிரைவ் ஒன்னைக் கையில திணிச்சான். "மச்சி, ராஜா சார் எயிட்டீஸ் கலெக்‌ஷன். 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ், ஹை-ரெஸ் ரீமாஸ்டர். வேற லெவல்டா." ஏதோ ஒரு டெலகிராம் குரூப்புல இருந்து இறக்கினது. ஒரே பாட்டு 150 எம்.பி.க்கு மேல. அவனோட ப்ளூடூத் பட்ஸ்லயே போட்டுக் காட்டினான். நானும் தலையாட்டினேன். நல்லாத்தான் இருந்துச்சு. பாட்டு நல்ல பாட்டு, நல்லா இல்லாம எப்படிப் போகும்?

வீட்டுக்கு வந்து அந்த ஃபைலை ஸ்பெக் என்ற இலவச சாஃப்ட்வேரில் போட்டுப் பார்த்தேன். ஒரு பாட்டில் எந்த ஃப்ரீக்வென்சியில் எவ்வளவு சத்தம் இருக்கிறது என்று படமாகக் காட்டுகிற சாஃப்ட்வேர் அது. 192 கிலோஹெர்ட்ஸ் ஃபைல் என்றால் 96 கிலோஹெர்ட்ஸ் வரைக்கும் இடம் இருக்கும். இந்தப் படத்தில் 16 கிலோஹெர்ட்ஸில் கத்தி வைத்து வெட்டின மாதிரி ஒரு கோடு. அதற்கு மேலே கும்மிருட்டு. ஆறு மாடி கட்டி, ஒரே ஒரு மாடியில் மட்டும் ஆள் குடியிருக்கிற மாதிரி. 16-ல் நேராக வெட்டுப்படுவது 128 கேபிபிஎஸ் எம்பி3-யின் கைரேகை. யாரோ ஒரு புண்ணியவான் பழைய எம்பி3-யை எடுத்து, 192 என்று அளவை மாற்றி, ஃப்ளாக் ஃபைலாகச் சேமித்து, "ரீமாஸ்டர்" என்று பெயர் வைத்திருக்கிறார். அவ்வளவுதான் நடந்திருக்கு.

நண்பனிடம் காட்டினேன். கொஞ்ச நேரம் உத்துப் பார்த்துட்டு, "ஆனா கேக்க நல்லாருக்கேடா" என்றான். அதுதான் இந்தக் கட்டுரைக்குக் காரணம். நமக்கு எதைப் பார்க்க வேண்டும் என்று சொல்லிக் கொடுத்திருக்கிறார்களோ, அதை மட்டும் பார்க்கிறோம். போன் வாங்கினால் மெகாபிக்சல், பாட்டு கேட்டால் கிலோஹெர்ட்ஸ். கேட்க வேண்டிய கேள்வி வேறே ஒன்று.

முதலில் அந்த எண்களை முடித்துவிடுவோம். சிக்னல்ஸ் அண்ட் சிஸ்டம்ஸில் அரியர் வைத்தவர்களுக்கும் நைக்விஸ்ட் ஞாபகம் இருக்கும். ஒரு விநாடிக்கு 44,100 சாம்பிள் எடுத்தால் 22 கிலோஹெர்ட்ஸ் வரைக்கும் உள்ள ஒலி முழுதாகத் திரும்பக் கிடைக்கும். படிக்கட்டு மாதிரி ஒரு அலை போட்டு, "பாருங்க, சிடியில் இப்படி வெட்டுப்படுது, ஹை-ரெஸ்ஸில் வழவழன்னு இருக்கு" என்று விளம்பரத்தில் காட்டுவார்களே, அது தப்பான படம். வெளியே வருவது படிக்கட்டு இல்லை, வழவழப்பான அலைதான். மனிதக் காது நல்ல வயதில் 20 கிலோஹெர்ட்ஸ் வரை கேட்கும், வயது ஏற ஏறக் குறையும். பிட் என்பது சத்தத்துக்கும் நிசப்தத்துக்கும் நடுவில் உள்ள தூரம். ஒரு பிட்டுக்கு 6 டெசிபல். 16 பிட் என்றால் 96, 24 பிட் என்றால் 144. எழுபதுகளின் ஸ்டூடியோ டேப்பில் இரைச்சலைத் தாண்டி உருப்படியாகக் கிடைப்பது ஏறக்குறைய 60-லிருந்து 70 டெசிபல். கணக்குப் போடுங்க. பன்னிரண்டு பிட் போதும். 16 பிட்டிலேயே இடம் மிச்சம்.

காதை வைத்தும் சோதித்திருக்கிறார்கள். 2007-ல் மேயர், மொரான் என்ற இருவர் அமெரிக்காவில் ஹை-ரெஸ் டிஸ்க்கை ஒருமுறை அப்படியே போட்டார்கள், இன்னொருமுறை நடுவில் சிடி தரத்துக்குக் குறைத்துப் போட்டார்கள். எது எது என்று சொல்லாமல் கேட்டதில், 554 முறையில் 276 முறை சரியான பதில். பூவா தலையா போட்டாலும் அதுதான் வரும். 2016-ல் ஜோஷுவா ரைஸ் என்பவர் 18 ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்தபோது 52.3 சதவீதம் வந்தது, பயிற்சி கொடுத்தவர்களுக்கு இன்னும் கொஞ்சம் கூட. வித்தியாசமே இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. இருந்தாலும் அது நூலிழை அளவு என்பது என் கருத்து.

அப்போ ஹை-ரெஸ் முழுக்கப் பொய்யா? இல்லை. அது தேவைப்படுகிற இடம் நம்ம காது இல்லை, டேப்பைக் காப்பாற்றுகிற மேஜை. ஒலி ஆவணக் காப்பகங்களின் சர்வதேச அமைப்பான ஐஏஎஸ்ஏ, பழைய ஒலிப்பதிவுகளை டிஜிட்டலாக்க 24 பிட்டும் குறைந்தபட்சம் 48 கிலோஹெர்ட்ஸும் வைக்கச் சொல்கிறது, 96-ஐப் பரிந்துரைக்கிறது. காரணம் எளிமையானது. டேப்பை ஒருமுறைதான் ஓட்ட முடியும் என்ற நிலை இருக்கலாம். சத்தம் எங்கே ஏறும் என்று முன்கூட்டித் தெரியாது, 24 பிட்டில் லெவலைத் தாராளமாகக் குறைத்து வைக்கலாம். பிறகு கீறல் சத்தம், இரைச்சல் எல்லாம் எடுக்கும்போது ஒவ்வொரு கணக்குக்கும் மிச்ச இடம் வேண்டும். 2009-ல் பீட்டில்ஸ் ஆல்பங்கள் முழுவதையும் ஏபி ரோடு ஸ்டூடியோவில் நான்கு வருஷம் உட்கார்ந்து ரீமாஸ்டர் செய்தார்கள். டேப்பிலிருந்து எடுத்தது 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸில். ஆப்பிள் பழம் மாதிரி ஒரு யூஎஸ்பியில் போட்டு ரசிகர்களுக்கு விற்றதோ 24 பிட், 44.1-ல். உலகத்தில் அதிகம் விற்ற இசைக்குழுவின் ரீமாஸ்டரே 44.1 தான். அதைக் கேட்டு யாரும் காசைத் திருப்பிக் கேட்கவில்லை.

இப்போ நம்ம ஊர் விஷயத்துக்கு வருவோம். பாரிவாக்கத்தில் எங்க பெரியப்பா வீட்டுப் பரணில் ஒரு பிஸ்கட் டின் நிறைய கேசட் இருக்கு. பெரியப்பா அம்பத்தூர் எஸ்டேட்டில் வேலை பார்த்தவர். சம்பளம் வந்த வாரம் ஒரு ஒரிஜினல் கேசட் வாங்குவாராம். காசு இல்லாத மாசம் ரெக்கார்டிங் சென்டரில் பேப்பரில் லிஸ்ட் எழுதிக் கொடுத்து, 60 நிமிஷ டிடிகே-யில் பதிந்து வாங்குவாராம். லிஸ்ட் இன்னும் உள்ளேயே மடித்து வைத்திருக்கிறார், பச்சை மையில்.

அந்த டின்னில் இருந்த ஒரிஜினல் கேசட் ஒன்றில் எனக்கு ரொம்பப் பிடித்த ஒரு எண்பதுகளின் பாட்டு. பெயரைச் சொல்லப் போவதில்லை, சொன்னால் கேன்டீனில் சண்டை வரும். அதையே ஒரு ஸ்ட்ரீமிங் ஆப்பில் "ரீமாஸ்டர்டு" என்று போட்டிருந்த வடிவில் தினமும் காலேஜ் பஸ்ஸில் கேட்பேன். கேசட்டை ஓட்டினதும் என்னவோ உறுத்திச்சு. பாடகர் குரல் கொஞ்சம் கனமா, வயசு கூடின மாதிரி. கீபோர்டில் வைத்துப் பார்த்தால் சுருதி வேறே. நேரத்தைக் குறித்தேன். ஆப்பில் 4 நிமிஷம் 28 விநாடி. கேசட்டில் 4:35. எல்பி ரெக்கார்டிலிருந்து ஒருவர் எடுத்துப் போட்ட யூடியூப் பதிவில் 4:31. மூன்றிலும் வெட்டு இல்லை, அதே தொடக்கம், அதே முடிவு. ஏழு விநாடி வித்தியாசம் என்றால் வேகத்தில் 2.6 சதவீதம். சுருதியில் ஏறக்குறைய 45 சென்ட், அதாவது ஒரு சுரத்துக்கும் அடுத்த சுரத்துக்கும் நடுவில் பாதி வழி.

"உன் டெக்தான் ஸ்லோவா ஓடுது, பெல்ட்டு தொங்கிடுச்சு" என்றார் பெரியப்பா. நியாயம். பெல்ட் மாற்றினோம், அதே 4:35. பக்கத்துத் தெருவில் இருந்து வேறே டெக் இரவல் வாங்கினோம், அதில் 4:33. ஆக, ஒரே பாட்டுக்கு நாலு சுருதி. இதில் எது அந்தப் பாடகர் மைக் முன்னால் நின்று பாடின சுருதி?

இ.இ.இ. படிக்கிறவன் என்ற திமிரில் ஒரு வழி யோசித்தேன். பழைய பதிவுகளில் கரண்டின் ஹம் சத்தம் லேசாக ஒட்டிக்கொண்டிருக்கும், நம்ம நாட்டில் 50 ஹெர்ட்ஸ். பாட்டு வேகமாக ஓடினால் அந்த ஹம்மும் 51-க்குப் போகும். அளந்து பார்த்து வேகத்தைக் கண்டுபிடித்துவிடலாம் இல்லையா? ப்ரொஃபசர் ஒருவரிடம் சொன்னேன். சிரித்தார். "தம்பி, எண்பதுகளில் சதர்ன் கிரிட்ல 50 ஹெர்ட்ஸ் எங்க இருந்துச்சு?" உண்மைதான். அந்தக் காலத்தில் மின் பற்றாக்குறையால் தென்மண்டல கிரிட் 49-க்குக் கீழே, 48 வரைக்கும்கூட இறங்கிக் கிடந்தது. 2003-ல் ஏபிடி கட்டண முறை இங்கே வந்த பிறகுதான் ஃப்ரீக்வென்சி ஒழுங்குக்கு வந்தது. அதோடு இன்னொரு சிக்கல். சிங்க்ரோனஸ் மோட்டார் வைத்த டேப் மெஷின் கரண்டின் ஃப்ரீக்வென்சிக்குத் தகுந்த மாதிரிதான் சுற்றும். 48.5 ஹெர்ட்ஸில் பதிந்து, பிறகு ஒழுங்கான 50-ல் ஓட்டினால், பாட்டு 3 சதவீதம் வேகமாகிவிடும். சுருதி 50 சென்ட் ஏறிவிடும். என் பாட்டுக்கு இதுதான் நடந்தது என்று நான் அடித்துச் சொல்லவில்லை. ஆனால் ஹெச்.டி. என்று நாம் கும்பிடுகிற பாட்டின் சுருதியை அன்றைக்கு எண்ணூரோ நெய்வேலியோ கூடத் தீர்மானித்திருக்கலாம் என்று நினைத்தால் எனக்கு ஒருமாதிரி சிலிர்க்குது.

இது நம்ம ஊர்க் கதை மட்டும் இல்லை. ஜாஸ் உலகின் பகவத் கீதை மாதிரியான ஆல்பம் மைல்ஸ் டேவிஸின் 'கைண்ட் ஆஃப் ப்ளூ'. 1959-ல் நியூயார்க்கில் பதிந்தார்கள். முதல் நாள் பதிவில் மாஸ்டர் மெஷின் கொஞ்சம் மெதுவாக ஓடிக்கொண்டிருந்தது, யாரும் கவனிக்கவில்லை. அதைச் சரியான வேகத்தில் திரும்ப ஓட்டினால் சுருதி ஏறிவிடும். முப்பது வருஷத்துக்கு மேல் உலகமே அந்த முதல் பக்கத்தைத் தப்பான சுருதியில் கேட்டது, ரெக்கார்டோடு சேர்ந்து வாசித்துப் பழகினவர்கள் வாத்தியத்தைத் தப்பாகச் சுருதி சேர்த்தார்கள். பக்கத்திலேயே ஓடின இரண்டாவது மெஷினின் டேப் சரியாக இருந்ததால் 1992 பதிப்பில் திருத்த முடிந்தது. எனக்கு ரீமாஸ்டர் என்றால் இதுதான். எந்த மெஷின், எந்த டேப், என்ன தப்பு, எப்படித் திருத்தினோம் என்று தைரியமாகச் சொல்ல முடிகிற வேலை. அதில் கிலோஹெர்ட்ஸுக்கு எந்தப் பங்கும் இல்லை.

நம்ம தமிழ் ஆல்பங்களில் "ரீமாஸ்டர்டு", "ஹெச்.டி.", "ஹை-ரெஸ்" என்று எழுதியிருப்பதைத் தாண்டி ஒரு வரி இருக்கிறதா பாருங்க. ஸ்டூடியோ மாஸ்டரிலிருந்து எடுத்ததா, அதன் நகலிலிருந்தா, எல்பியிலிருந்தா, கடையில் விற்ற கேசட்டிலிருந்தா? எந்த வருஷம் எடுத்தது? யார் எடுத்தது? நான் தேடின வரைக்கும் பெரும்பாலானவற்றில் ஒன்றுமே இல்லை. பிரியாணிக் கடையில்கூட இது பாசுமதியா சீரக சம்பாவா என்று போர்டு வைக்கிறான்.

மூலம் தெரிந்தால்தான் எண்ணுக்கு அர்த்தம். டயர் ஸ்ட்ரெயிட்ஸின் 'பிரதர்ஸ் இன் ஆர்ம்ஸ்' 1985-ல் 16 பிட் டிஜிட்டல் மெஷினில் பதிவான ஆல்பம். அதை 24 பிட் என்று விற்றால், கூடுதலாக வருவது எட்டு பிட் காற்று. எழுபதுகளின் தமிழ் சினிமாப் பாட்டு இன்னொரு வகை. முழு ஆர்கெஸ்ட்ராவும் பாடகர்களும் ஒன்றாக நின்று, ஒரே டேக்கில், மோனோவில் பதிந்தது. 1978-ல் வந்த 'ப்ரியா'தான் தமிழில் ஸ்டீரியோவில் பதிவான முதல் படம் என்று சொல்வார்கள். அதற்கு இரண்டு வருஷம் முன்னால் வந்தது 'அன்னக்கிளி'. அந்த மாதிரி ஒரு மோனோ பாட்டு உங்களுக்கு "ஆட்மாஸ் ரீமாஸ்டர்" என்று கிடைத்தால், அது ரீமாஸ்டர் இல்லை. கம்ப்யூட்டரை வைத்துக் குரலையும் தபலாவையும் வயலினையும் பிரித்தெடுத்துப் புதிதாக அடுக்கின ரீமிக்ஸ். அது பாவமும் இல்லை. பீட்டில்ஸின் 'ரிவால்வர்' ஆல்பத்தை 2022-ல் அப்படித்தான் பிரித்து மறுபடி கலந்தார்கள், பிரித்தோம் என்று சொல்லியே விற்றார்கள். சொல்லிட்டுச் செய்றதுக்கும் சொல்லாம செய்றதுக்கும் வித்தியாசம் இருக்கு இல்லையா?

கேட்டால் மாறுகிறது என்பதற்கும் உதாரணம் இருக்கு. மொபைல் ஃபிடெலிட்டி என்ற அமெரிக்க நிறுவனம் பழைய ஆல்பங்களை எல்பியாக வெளியிடும், விலை யானை விலை. டேப்பிலிருந்து நேரே ரெக்கார்டுக்கு, நடுவில் டிஜிட்டலே கிடையாது என்று ரசிகர்கள் நம்பி வாங்கினார்கள். 2022-ல் நடுவில் டிஜிட்டல் படி ஒன்று பல வருஷமாக இருந்தது வெளியே வந்தது. பெரிய ரகளை, கோர்ட்டு கேஸ் வரைக்கும் போச்சு. அதற்குப் பிறகு எந்த ஆல்பத்துக்கு மூலம் எது, நடுவில் என்ன படி என்று விவரம் போட ஆரம்பித்தார்கள். வேடிக்கை என்னவென்றால், அத்தனை வருஷமும் "டிஜிட்டல் வாடையே இல்லை" என்று கேட்டுச் சிலாகித்தவர்களில் யாருக்கும் காதில் அது தெரியவில்லை.

நமக்கு இது அவசரமான விஷயம். காந்த டேப் சாகாவரம் வாங்கி வரவில்லை. சில வகை டேப்புகளில் பசை ஈரம் குடித்துப் பிசுபிசுவென்று ஆகி, ஓட்டினால் ஹெட்டிலேயே ஒட்டிக்கொண்டு உரியும். அதை 50 டிகிரிக்குச் சற்று மேல் சூட்டில் மணிக்கணக்கில் வாட்டி எடுத்து, அவசரமாக ஒருமுறை ஓட்டிப் பதிந்துகொள்வார்கள். சென்னை ஈரப்பதத்தில் பூஞ்சை வேறு. கம்பெனிகள் கைமாறின, மூடின, உரிமை வழக்குகள் நடக்கின்றன. இதற்கு நடுவில் தமிழ் இசையைக் காப்பாற்றிக்கொண்டிருந்தது பெரும்பாலும் வி.ஏ.கே. ரங்கா ராவ் மாதிரி, ஆயிரக்கணக்கில் இசைத்தட்டு சேர்த்து வைத்த தனி மனிதர்கள்தான். பணம் வாங்கிக்கொண்டு "ஹை-ரெஸ்" விற்கிற எவரும், எந்த டேப் இன்னும் உயிரோடு இருக்கிறது என்று ஒரு வரி எழுதக் கடமைப்பட்டவர்கள். நாம் கேட்காத வரைக்கும் எழுத மாட்டார்கள்.

சரி, கேட்கிறது எப்படி? ஜூனியர்கள் அடிக்கடி கேட்கிற கேள்வி, அதனால் கொஞ்சம் விவரமாகவே சொல்றேன்.

ப்ளூடூத்தில் ஹை-ரெஸ் கேட்பது கரும்பைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்து நக்குகிற கதை. 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் ஸ்டீரியோ என்றால் விநாடிக்கு 4,608 கிலோபிட். சாதாரண எஸ்பிசி கோடெக் அதிகம் போனால் 328 அனுப்பும். ரொம்பப் பெருமையாகப் பேசுகிற எல்டாக் கூட 990 தான், அதுவும் சிக்னல் நன்றாக இருந்தால். சிடி தரமே 1,411. ஆக, ஃபைல் எவ்வளவு பெரிதாக இருந்தாலும் காதுக்குப் போகும் முன் கசக்கிப் பிழிந்துதான் போகுது. இது குறை சொல்ல இல்லை, நானும் பட்ஸ்தான் போடுறேன். பஸ்ஸில் அது போதும். பூந்தமல்லி – ஆவடி ரோட்டில் பாரிவாக்கம் ஜங்ஷனில் பஸ் நிற்கும்போது சுற்றி எழுபது எண்பது டெசிபல் சத்தம். தண்ணி லாரி ஒரு ஹார்ன் அடித்தால் உங்க 24 பிட்டில் பாதி காலி. அந்த இடத்தில் 256 கேபிபிஎஸ் ஃபைலே ராஜ மரியாதை.

வித்தியாசம் கேட்கணும் என்றால் ஒயர் வேண்டும், ராத்திரி வேண்டும், ஃபேன் ஆஃப் ஆகியிருக்க வேண்டும். (மே மாசம் வேண்டாம்.) போனில் 3.5 ஓட்டை இல்லையென்றால் டைப்-சி டாங்கிள் டிஏசி ஒன்று. வெறும் ஒயர் மாதிரி இருக்கிற அதற்குள் 24 பிட், 48 கிலோஹெர்ட்ஸ் சிப் இருந்தால் போதும். பத்தாயிரம் ரூபாய் டிஏசி முதலில் வாங்காதீங்க. காசு இருந்தால் முக்கால்வாசி ஹெட்போனுக்குப் போகட்டும். இயர்போன் என்றால் காதுக்குப் பொருந்துகிற ரப்பர் டிப்ஸுக்கு. டிப்ஸ் சரியில்லாமல் பேஸ் ஒழுகுவதை எந்த ரீமாஸ்டரும் அடைக்காது.

ஆண்ட்ராய்டு போன்கள் எந்த ஃபைலைப் போட்டாலும் பெரும்பாலும் எல்லாவற்றையும் 48 கிலோஹெர்ட்ஸுக்கு மாற்றித்தான் வெளியே விடும். நீங்க 192 போட்டுப் பெருமைப்படுவீங்க, அது உள்ளே சத்தமில்லாமல் 48 ஆக்கியிருக்கும். அதைத் தாண்டணும் என்றால் யூஎஸ்பி ஆடியோ ப்ளேயர் ப்ரோ மாதிரி, டிஏசியோடு நேரடியாகப் பேசுகிற ஆப் வேண்டும். விண்டோஸும் அதே மாதிரி. சவுண்ட் செட்டிங்ஸில் அட்வான்ஸ்டு என்ற இடத்தில் ஒரு டீஃபால்ட் ஃபார்மட் இருக்கும், எல்லாப் பாட்டும் அந்த அளவுக்கு மாறிவிடும். ஃபூபார்2000 இறக்கி, அவுட்புட்டில் எக்ஸ்குளூசிவ் என்று இருப்பதைத் தேர்ந்தெடுத்தால் ஃபைல் இருக்கிறபடியே போகும். மேக் வைத்திருக்கிற பணக்காரர்கள் ஆடியோ மிடி செட்டப்பில் கையால் மாற்றிக்கொள்ளவும். ஸ்ட்ரீமிங் ஆப் என்றால் செட்டிங்ஸில் லாஸ்லெஸ்ஸை நீங்களாகத்தான் ஆன் பண்ண வேண்டும். ஆன் பண்ணிட்டு மொபைல் டேட்டாவில் கேட்டால் மதியத்துக்குள் அன்றைய கோட்டா காலி.

இதெல்லாம் செய்த பிறகு ஒரு விளையாட்டு. பழைய வெளியீடு, புது ரீமாஸ்டர் இரண்டையும் எடுத்துக்கோங்க. ஆடாசிட்டியில் பக்கத்துப் பக்கத்தில் திறந்து அலை வடிவத்தைப் பாருங்க. பழையதில் மலையும் பள்ளமுமாக இருந்து, புதியதில் செங்கல் மாதிரி நிரப்பி இருந்தால், சத்தத்தைக் கூட்டி உயிரை எடுத்திருக்கிறார்கள். பல்லவியும் சரணமும் ஒரே உயரம், வீணைத் தனி வந்தாலும் அதே உயரம். பிறகு இரண்டையும் ஒரே சத்த அளவுக்குக் கொண்டு வந்து கேளுங்க, ஃபூபாரில் ரீப்ளே கெயின் அதைச் செய்யும். ஒரு டெசிபல் கூட இருந்தாலே மூளை "இதுதான் க்ளாரிட்டி" என்று தீர்ப்பு எழுதிவிடும். பாதி "வேற லெவல்" வெறும் வால்யூம்தான். கடைசியாக ஏபிஎக்ஸ் காம்பனென்ட் போட்டு, எது எது என்று தெரியாமல் பதினாறு முறை கேளுங்க. நான் 'ஹவ் டு நேம் இட்?' ஆல்பத்தில் செய்து பார்த்தேன். 1986-ல் வந்தது, இளையராஜா தியாகராஜருக்கும் பாக்குக்கும் சமர்ப்பணம் செய்தது, வி.எஸ். நரசிம்மனின் வயலின். சத்தம் மெல்லிசாக இறங்குகிற இடங்கள் நிறைய இருப்பதால் சோதனைக்கு ரொம்ப நல்ல ஆல்பம். சிடியையும் அதிலிருந்து நானே செய்த 320 எம்பி3-யையும் வைத்துப் பதினாறில் ஒன்பது சரி. பூவா தலையா. அடுத்த நாள் 128-ஐ வைத்தபோது பதினைந்து சரி. என் காதின் எல்லை எது என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அதற்கு மேல் செலவழிக்கிறது காதுக்கு இல்லை, கௌரவத்துக்கு.

அந்தச் செலவில் ஒரு பங்கை, உங்க வீட்டுப் பரணில் இருப்பதற்குப் போடுங்க. பழைய ஒரிஜினல் கேசட், எல்பி, தாத்தா பதிந்த கச்சேரி, ஊர்த் திருவிழா நாதஸ்வரம், எதுவாக இருந்தாலும். ஓடுகிற டெக் ஒன்று வேண்டும். பெல்ட் ரிச்சி ஸ்ட்ரீட்டில் தேடினால் கிடைக்கும், பழைய பெல்ட்டைக் கையோடு எடுத்துக்கிட்டுப் போங்க. ஹெட்டை ஐசோப்ரொபைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடைக்கணும். ஹெட் பக்கத்தில் இருக்கிற சின்ன ஸ்க்ரூ ஒன்று ஹெட்டின் சாய்வைத் தீர்மானிக்கும். பாட்டு கம்பளி போர்த்தின மாதிரி கேட்டால், ஓடவிட்டே அதை மயிரிழை அளவு திருப்புங்க, ஒரு இடத்தில் சட்டென்று ஜன்னல் திறந்த மாதிரி இருக்கும், அங்கே நிறுத்துங்க. டெக்கின் லைன் அவுட்டில் இருந்து லைன் இன்புட் உள்ள யூஎஸ்பி இன்டர்ஃபேஸுக்கு. லேப்டாப்பின் மைக் ஓட்டையில் சொருகாதீங்க, மோனோவாகவும் நாராசமாகவும் வரும். ஆடாசிட்டியில் 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ். பார்த்தீங்களா, இங்கேதான் அந்த எண் வேலைக்கு வருது. லெவல் மைனஸ் 12-ஐத் தொட்டால் போதும். இரைச்சலை எடுக்காத முதல் நகலை ஃப்ளாக்காக இரண்டு இடத்தில் வையுங்க, அட்டையையும் உள்ளே இருக்கிற காகிதத்தையும் படம் பிடிச்சு அதே ஃபோல்டரில். கூடவே ஒரு டெக்ஸ்ட் ஃபைல்: எந்த கேசட், எந்த டெக், என்ன தேதி, யார் எடுத்தது. நாலே வரி. பெரிய கம்பெனிகள் எழுதாத நாலு வரி.

பெரியப்பா டின்னில் மொத்தம் 43 கேசட். இதுவரைக்கும் 11 முடிச்சிருக்கேன். இரண்டில் டேப் அறுந்து ஒட்ட வேண்டியதாச்சு, ஒன்றில் பூஞ்சை, அதை இன்னும் தொடல. அந்தப் பாட்டை மூன்றாவதாக ஒரு டெக்கில் ஓட்டிப் பார்க்கணும், 4:35-ஆ 4:33-ஆ என்று எனக்கு இன்னும் தூக்கம் வரமாட்டேங்குது. டே-ஸ்காலர்ஸ் யார் வீட்டிலாவது ஓடுகிற டெக் சும்மா கிடந்தால், ஒரு வாரம் இரவல் கொடுங்க. இ.இ.இ. மூன்றாம் வருஷம், கடைசி பெஞ்ச். வாங்கின அன்னிக்கு எப்படி இருந்துச்சோ அப்படியே, ஹெட் துடைச்சுத் தர்றேன்.